எண்பது பெட்டி மாட்டிறைச்சிச் சோறு

தொலைக்காட்சித் தொடரின் கடைசிப் பகுதியில் நாற்பத்தேழாவது காட்சி நான்கு பக்கம் இருந்தது. ஹடானோ மியோரி அதற்கு மூன்று நகல் எடுத்தாள். ஒன்றைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் குளியலறைச் சுவரில் ஒட்டினாள். ஒன்று கைப்பையில் இருந்தது. மூன்றாவதைத் தலையணைக்கு அடியில் வைத்திருந்தாள். முப்பத்தெட்டு வயதில், பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளை மாதிரி இப்படிச் செய்கிறோமே என்று அவளுக்கே வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் எடுக்கவில்லை.

காட்சி இதுதான். நான்கு வயது மகளை விட்டுவிட்டு ஓடிப்போன தாய் பதினைந்து வருடம் கழித்துத் திரும்பி வருகிறாள். மகள் நடத்தும் சலவைக் கடையில் இருவரும் ஒரு வெள்ளை விரிப்பை ஆளுக்கொரு முனையாகப் பிடித்து மடிக்கிறார்கள். மடித்துக்கொண்டே, தான் ஏன் போனேன் என்பதைத் தாய் சொல்கிறாள். கதை எழுதியவர் அந்த நான்கு பக்கத்திலும் நடிப்புக்கென்று ஒரே ஒரு குறிப்புதான் கொடுத்திருந்தார்: அழவில்லை.

அந்தக் குறிப்பைப் படித்த அன்றே மியோரி இந்த வேடத்துக்கு ஆசைப்பட்டாள். அழுகிற வேடம் யாருக்கும் கிடைக்கும். சிரிக்கிற வேடம் அவளுக்கு இருபத்திரண்டு வருடமாகக் கிடைத்துக்கொண்டேதான் இருந்தது.

ஜப்பானில் முப்பது வயது தாண்டிய எல்லோருக்கும் அவளைத் தெரியும். முகத்தைவிட அவள் வலது கையைத்தான் அதிகம் தெரியும். தோயாமாவின் மீன் சந்தையில் ஏலம் விடுகிறவரின் மகளாகப் பிறந்தவள், பதினாறு வயதில் தோக்கியோவுக்கு வந்து மூன்று பெண்கள் கொண்ட பாட்டுக் குழு ஒன்றில் சேர்ந்தாள். 'வெள்ளிக்கிழமைத் தொப்பி' என்ற பாட்டு அந்த வருடம் நாட்டையே ஆட்டி வைத்தது. பல்லவி முடியும் இடத்தில் மூன்று பேரும் தலையில் இல்லாத தொப்பியை வலது கையால் கழற்றி, மார்பருகே கொண்டுவந்து, தலையைச் சாய்ப்பார்கள். பள்ளிக்கூடத்து விளையாட்டு விழாவிலும் அதுதான், கல்யாண விருந்திலும் அதுதான். வட்டிவீதம் பற்றிப் பேச வந்த ஒரு மந்திரிகூடப் பேச்சு முடிவில் தொப்பியைக் கழற்றினார்.

பிறகு குழு கலைந்தது. ஒருத்தி பல் மருத்துவரைக் கட்டிக்கொண்டு கோபேக்குப் போனாள். இன்னொருத்தி எங்கே போனாள் என்று யாருக்கும் தெரியவில்லை. தொப்பி மியோரியின் தலையில் தங்கிவிட்டது. மின்சாதனக் கடைத் திறப்பு விழா, வெந்நீர் ஊற்று விடுதிகளின் வருட முடிவு விருந்து, தொலைக்காட்சியில் கண்ணைக் கட்டிக்கொண்டு எதையாவது தின்னும் போட்டி என்று எங்கே போனாலும் கடைசியில் கழற்ற வேண்டியிருந்தது. ஒருமுறை துப்பறியும் தொடர் ஒன்றில் பிணமாக நடித்தாள். பிணத்தைப் பார்த்த போலீஸ்காரர் தன் தொப்பியைக் கழற்றினார். நாடே விழுந்து விழுந்து சிரித்தது.

அதற்குப் பிறகுதான் அவள் மாலை நேர நடிப்பு வகுப்பில் சேர்ந்தாள். கோயென்ஜியில் ஒரு சைக்கிள் கடையின் மாடி. செவ்வாயும் வெள்ளியும் ஏழு மணிக்கு. கூடப் படித்தவர்கள் வங்கி எழுத்தர், பல் மருத்துவமனை உதவியாளர், ஓய்வுபெற்ற ரயில் ஓட்டுநர். நான்கு வருடம் ஒரு வகுப்புகூடத் தவறவில்லை. முதல் வருடமே வாத்தியார் ஒன்று சொன்னார்: "நீங்க எதிர்ல நிக்கிறவரைப் பார்க்கிறதே இல்ல, ஹடானோ-சான். அவருக்குப் பின்னாடி ஒரு கூட்டம் நிக்கிற மாதிரி அதைப் பார்த்துத்தான் பேசறீங்க." அதை அவள் அன்றைய தேதி போட்டு நோட்டில் எழுதி வைத்துக்கொண்டாள். நான்காம் வருடமும் அவர் அதையே சொன்னார். அதையும் தேதி போட்டு எழுதிக்கொண்டாள்.

இந்தத் தொடரின் டைரக்டர் குகா அவளைத் தேர்வுக்குக் கூப்பிட்டார். தொப்பியைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. மேனேஜர் முராசே ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கினாள்: பாட்டு கிடையாது, தொப்பி கிடையாது. முராசே ஐம்பதைத் தாண்டியவள், சிகரெட்டை விட்டு மூன்று மாதம் ஆனதால் எந்நேரமும் இருமல் மிட்டாய் சப்பிக்கொண்டிருப்பாள். "இது ஒண்ணு நல்லா அமைஞ்சிடுச்சுன்னா, அப்புறம் உன்னை யாரும் தொப்பின்னு கூப்பிட மாட்டாங்க, மியோரி" என்றாள். "இல்லேன்னா இனிமே நானே உன்னைத் தொப்பின்னுதான் கூப்பிடப் போறேன்."

ஜனவரி ஆறாம் தேதி படப்பிடிப்பு தொடங்கியது. தாமா ஆற்றுக்கு அக்கரையில் இருந்த ஸ்டுடியோ. மகளாக நடித்தவள் அசகிரி ரெனா. இருபத்துமூன்று வயது, பெரிய நிறுவனத்தின் செல்லப்பிள்ளை, கதாநாயகியாக இதுதான் முதல் தொடர். முதல் நாளே ரெனா மியோரியின் ஒப்பனை அறைக்கு வந்து இடுப்பு வளையக் குனிந்து வணங்கினாள். நிமிரும்போதே, "அம்மா, ஏன் என்னை விட்டுட்டுப் போனீங்க? மூணு மாசம் உங்களைச் சும்மா விட மாட்டேன்" என்றாள்.

"ஓடிப்போனவகிட்ட வந்து கேட்டா எப்படி? பதினைஞ்சு வருஷம் கழிச்சு வா."

"கடைசிப் பகுதி வரைக்கும் பொறுக்கணுமா? உங்க நெஞ்சு கல்லும்மா."

அன்றிலிருந்து அம்மாதான். சாப்பாட்டு வரிசையில் அம்மா, கழிப்பறை வாசலில் அம்மா, "அம்மா, உங்க மூக்குல பவுடர்" என்று கேமராவுக்கு முன்னால் அம்மா. பிள்ளை பெறாத மியோரிக்கு அந்தச் சொல் நாக்கில் பட்ட தேன் மாதிரி இருந்தது.

மியோரி தன் பழைய தொழிலில் இருந்து ஒரே ஒரு வித்தையைத்தான் கொண்டுவந்திருந்தாள். பாட்டுக்காரியாக இருந்த காலத்தில் மாதா மாதம் ரசிகர்களோடு கைகுலுக்கும் கூட்டம் நடக்கும். ஒருவருக்கு எட்டு வினாடி. எட்டு முடிந்ததும் காவலாள் ரசிகரின் தோளைத் தொட்டு நகர்த்திவிடுவான். அந்த எட்டு வினாடிக்குள் அவருடைய பெயரைச் சொல்லி, போன தடவை அவர் சொன்ன முழங்கால் வலியையோ மகனின் பரீட்சையையோ விசாரித்து, கண்ணைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். மியோரி அதில் கெட்டிக்காரி. இங்கேயும் ஒரு சின்ன நோட்டுப் போட்டாள். விளக்குக்காரர் யோகோதா, இரட்டைக் குழந்தைகள். ஒலிப்பதிவு இனுய், கத்தரிக்காய் ஆகாது. உதவி டைரக்டர் நெமோதோ, பல் கூச்சம், சூடாக எதையும் குடிக்க மாட்டான். இரண்டாம் வாரத்துக்குள் எண்பது பேரும் அவளிடம் சிரித்துப் பேசினார்கள். எதிரில் நிற்பவரைப் பார்க்கத் தெரியவில்லை என்று சொன்ன வாத்தியாரை நினைத்துக்கொண்டாள். இதோ, பார்க்கிறேனே.

ஸ்டுடியோவில் தேநீர் மேசைக்கு மேலே ஒரு பலகை உண்டு. நடிகர்கள் யாராவது எல்லோருக்கும் தின்பண்டம் கொண்டுவந்தால், கொடுத்தவர் பெயரைக் கொட்டை எழுத்தில் தாளில் எழுதி அதில் ஒட்டுவார்கள். சிறிய பெயர்க்காரர்கள் பிஸ்கட் கொண்டுவருவார்கள், பெரிய பெயர்க்காரர்கள் பெரிதாக. யார் எப்போது எதைக் கொண்டுவரலாம் என்று எங்கும் எழுதி வைக்கவில்லை. எழுதி வைக்காததாலேயே அது எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

மியோரி தன் முறைக்கு மாட்டிறைச்சிச் சோறு என்று முடிவு செய்தாள். தணலில் வாட்டிய இறைச்சியைச் சூடான சோற்றின் மேல் பரப்பி, நூலை இழுத்தால் தானே கொதிக்கிற பெட்டியில் தருகிற கடை ஒன்று அவளுக்குத் தெரியும். எண்பது பெட்டி. ஜனவரி இருபத்தெட்டு, செவ்வாய்க்கிழமைக்குச் சொல்லி வைத்தாள். இருபத்தேழாம் தேதி பனி கொட்டியது. செவ்வாய்ப் படப்பிடிப்பு ரத்தானது. கடைக்காரர் வியாழக்கிழமைக்கு மாற்றிக்கொண்டார்.

வியாழக்கிழமை பன்னிரண்டு மணிக்கு வண்டி வந்து நின்றது. பெட்டிகளோடு மியோரி தேநீர் மேசைக்குப் போனபோது, பலகையில் ஏற்கெனவே ஒரு தாள் இருந்தது: 'அசகிரி ரெனா-சானிடமிருந்து.' கீழே மூன்று தட்டு நிறைய இனிப்புப் பயறு வைத்த வெள்ளை அப்பம். ஒவ்வொன்றின் மேலும் தொடரின் பெயரைச் சூட்டுக்கோலால் பொறித்திருந்தார்கள். ரெனாவின் நிறுவனம் செய்த ஏற்பாடு. அதைப் படம் எடுக்க ஒரு வாரப் பத்திரிகையின் புகைப்படக்காரரும் வந்திருந்தார்.

முராசே அன்று வேறொரு நடிகரோடு ஒசாக்காவில் இருந்தாள். மியோரி நெமோதோவைத் தனியே கூப்பிட்டாள்.

"நெமோதோ-குன், இன்னிக்கு ரெனா-சானோட நாளா? எனக்குத் தெரியாது. இதை எடுத்துட்டுப் போயிடச் சொல்லட்டுமா?"

நெமோதோ பல்லிடுக்கில் காற்றை இழுத்தான். தலையை ஒரு பக்கம் சாய்த்தான். "இல்ல... அது வந்து... சோறு வேற, அப்பம் வேற இல்லையா..."

"அப்ப பரவாயில்லையா?"

"பரவாயில்லேன்னுதான்... எல்லாரும் சந்தோஷப்படுவாங்க. வெளியில ரொம்பக் குளிர்."

"நிஜமாவா?"

"ஐயோ, தாராளமா!"

இருபத்திரண்டு வருடம் இந்த நாட்டில் மேடையேறியவள், பல்லிடுக்கில் இழுத்த காற்றுக்கு அர்த்தம் தெரியாதவளா? தெரியும், அது சொல்லாமல் சொல்கிற மறுப்பு. ஆனால் எண்பது பெட்டியையும், கொட்டகை வாசலில் வெளுத்த உதடுகளோடு நின்றவர்களையும் பார்த்தாள். திருப்பி அனுப்பினால் அத்தனையும் வீண். சோறு சோறுதானே என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். நூலை இழுத்ததும் எண்பது பெட்டியும் புஸ்ஸென்று ஆவி விட்டன. யோகோதா, "மியோரி-சான், எனக்கு மூணாவது குழந்தை பிறந்தா உங்க பேருதான்!" என்று கத்தினார். "பையனா பிறந்தா?" என்று யாரோ கேட்டார்கள். "தொப்பின்னு வெச்சுடறேன்!" கொட்டகையே சிரித்தது. மியோரியும் சிரித்தாள். புகைப்படக்காரர் நாலு பக்கமும் சுற்றிப் படம் எடுத்தார். எந்தப் படத்திலும் ஆட்களின் கையில் இறைச்சிச் சோறுதான் இருந்தது. அப்பத் தட்டுகள் அவர்களுக்குப் பின்னால், அடுக்கிய கோபுரம் கலையாமல் இருந்தன.

ரெனா ஒரு பெட்டி எடுத்துக்கொண்டாள். பாதி சாப்பிட்டாள். "நல்லா இருக்கு, ஹடானோ-சான்" என்றாள்.

அன்றிலிருந்து அம்மா இல்லை.

மியோரி அதைக் கவனித்தாள். அவள் எதையும் கவனிக்காமல் விடுகிறவள் அல்ல. நோட்டில் தேதியோடு குறித்துக்கொண்டாள். ஆனால் காரணத்தைத் தப்பாகக் கண்டுபிடித்தாள். நாற்பத்தேழாவது காட்சி நெருங்குகிறது, தாயிடமிருந்து விலகி நிற்கும் மகளாகத் தன்னை மாற்றிக்கொள்ள இந்தப் பெண் இப்போதே தொடங்கிவிட்டாள் என்று நினைத்தாள். சின்ன வயதில் இவ்வளவு தொழில் பக்தியா என்று வியந்தாள். தானும் பதிலுக்கு விலகிக்கொண்டாள். ரெனா வணங்கினால் அளவாக வணங்கினாள். மூன்று வாரம் இரண்டு பேரும் ஒரு வார்த்தை கூடுதலாகப் பேசவில்லை. வீட்டுக்குப் போய் மியோரி குளியலறையில் விரிப்பை மடித்து மடித்துப் பார்த்தாள். மறுமுனையைக் கதவின் கைப்பிடியில் கட்டியிருந்தாள்.

பிப்ரவரி ஏழாம் தேதி, சலவைக் கடைக்கு வாடகை வாங்க வருகிற கிழவராக நடித்தவரின் கடைசிக் காட்சி எடுத்தார்கள். எடுத்து முடித்ததும் வழக்கப்படி நெமோதோ முன்னால் வந்து, "இந்தக் காட்சியோட இவரோட பங்கு முழுசும் முடியுது!" என்று கத்தினான். எல்லோரும் கைதட்டினார்கள். ரெனா பூங்கொத்தை எடுத்துவந்து கொடுத்தாள். கிழவர் நடுங்குகிற குரலில், "அடுத்த தொடர்லயும் வாடகை பாக்கி வெச்சுக் கூப்பிடுங்க" என்றார். மியோரிக்குக் கண் நிறைந்தது. அவளுக்கு இதுவரை பூங்கொத்து வாங்குகிற அளவுக்கு வேடம் வந்ததில்லை. பிணத்துக்கு யார் பூ கொடுப்பார்கள்?

தன் முறை வரும்போது என்ன பேசுவது என்று அன்றே யோசித்து வைத்தாள். நாற்பத்தேழு முடிந்த பிறகு, விரிப்பு இன்னும் கையில் இருக்கும்போது, மூன்றே வரி. நீளமாகப் பேசக் கூடாது.

நாற்பத்தேழு எந்தத் தேதி என்று மட்டும் யாரும் சொல்லவில்லை. அட்டவணையில் அதற்கு எதிரே 'பின்னர் அறிவிக்கப்படும்' என்று இருந்தது.

பிப்ரவரி பதினெட்டு, செவ்வாய். அன்று அவளுக்கு இருந்தது முப்பத்தொன்றாவது காட்சி மட்டும். கடைக்கு வெளியே நடந்துபோகும் தாய் கண்ணாடி வழியாக மகளைப் பார்க்கிறாள். மூன்று வினாடி நிற்கிறாள். போய்விடுகிறாள். வசனம் இல்லை. மதியம் இரண்டு மணிக்கு ஆரம்பித்து இரண்டு இருபதுக்கு முடிந்தது.

"சரி, ஓகே" என்றார் குகா. அவர் திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

நெமோதோ முன்னால் வந்தான். அவன் காது சிவந்திருந்தது. மியோரியின் முகத்தைப் பார்க்காமல் கூரையைப் பார்த்துக் கத்தினான்: "இந்தக் காட்சியோட, அம்மாவா நடிச்ச ஹடானோ மியோரி-சானோட பங்கு முழுசும் முடியுது!"

கைதட்டல் எழுந்தது. மியோரியும் கைதட்டினாள். இரண்டு மூன்று தட்டுத் தட்டிய பிறகுதான் சொன்னது தன் பெயர் என்று உறைத்தது. பாவம், நெமோதோ அட்டவணையைத் தப்பாகப் பார்த்துவிட்டான், இன்னும் நாற்பத்தேழு இருக்கிறதே என்று அவன் மானத்தைக் காப்பாற்ற வாயெடுத்தாள். அப்போது சுற்றிலும் பார்த்தாள். யோகோதா ஏணியிலிருந்து இறங்கி வந்து தட்டினார். இனுய் காதுக்கருவியைக் கழற்றிவிட்டுத் தட்டினார். எண்பது முகம். ஒன்றில்கூட ஆச்சரியம் இல்லை.

அதிலிருந்துதான் அவளுக்குத் தெரிந்தது.

திரைக்குப் பின்னாலிருந்து ரெனா வந்தாள். கை நிறைய மஞ்சளும் வெள்ளையுமாகப் பூங்கொத்து. "ஹடானோ-சான், இத்தனை நாள் ரொம்ப உழைச்சீங்க" என்று நீட்டினாள். நல்ல பிள்ளை மாதிரிச் சிரித்தாள். "அந்த மாட்டுக்கறிச் சோத்தை நான் உயிர் இருக்கிறவரைக்கும் மறக்க மாட்டேன்."

எல்லோரும் சிரித்தார்கள். சிலர் கொஞ்சம் தாமதமாகச் சிரித்தார்கள்.

"ஒரு வார்த்தை பேசுங்க!" என்றது ஒரு குரல். தொடர் உருவான கதையைப் படம் பிடிக்கிற பையனின் சின்னக் கேமரா முகத்துக்கு நேரே வந்தது. அதன் முனையில் சிவப்புப் புள்ளி எரிந்தது.

கேட்டுவிடலாம் என்று மியோரி நினைத்தாள். என் நாற்பத்தேழாவது காட்சி எங்கே என்று எண்பது பேருக்கு முன்னால் கேட்டுவிடலாம். அப்படி யாரும் கேட்டதில்லை. கேட்டவளை மறுபடி யாரும் கூப்பிட மாட்டார்கள். பரவாயில்லை, கேட்டுவிடலாம். வாயைத் திறந்தாள்.

எதிரில் கூட்டம் இருந்தது. கேமரா இருந்தது. முதுகு தானே நிமிர்ந்தது. உதடு தானே விரிந்தது. பூங்கொத்து இடது கைக்கு மாறியது. எப்போது மாறியது என்று அவளுக்குத் தெரியாது. வலது கை மேலே போய், தலையில் இல்லாத தொப்பியைக் கழற்றி, மார்பருகே வந்து நின்றது. தலை சாய்ந்தது.

பிறகு ஏணியருகில் இருந்து யோகோதாவின் கட்டைக்குரல் ஆரம்பித்தது: "வெள்ளிக்கிழமை வந்தாச்சு..." அவ்வளவுதான், எண்பது பேரும் பிடித்துக்கொண்டார்கள். மின்கம்பி சுமக்கிறவர், தேநீர் ஊற்றுகிற அம்மாள், எல்லோரும் பாடினார்கள். பல்லவி முடிந்த இடத்தில் எண்பது கை ஒன்றாகத் தொப்பியைக் கழற்றியது. ரெனாவும் கழற்றினாள், பாட்டு வந்தபோது அவள் தாலாட்டு கேட்டிருக்க வேண்டிய வயது, ஆனாலும் கை சரியாகப் போனது. டைரக்டர் குகா கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நடுவில் நின்று மியோரி முழுக் குரலில் பாடிக்கொண்டிருந்தாள். சுருதி கொஞ்சமும் பிசகவில்லை.

காரில் ஏறியதும் பூங்கொத்தைப் பின் இருக்கையில் வைத்தாள். முராசே வண்டியை எடுக்கவில்லை. இருமல் மிட்டாய் உறையைக் கசக்கிக்கொண்டே இருந்தாள்.

"எப்போலேர்ந்து தெரியும் உங்களுக்கு?" என்றாள் மியோரி.

"ஒன்பது நாளா."

"ஒன்பது நாளா!"

"அப்பம் கதை பத்திரிகையில வந்துச்சு. படத்துல எல்லார் கையிலயும் உன் சோறு. முதல் தொடர், முதல் கதாநாயகி, அந்தப் பொண்ணோட அப்பம் பின்னாடி அநாதையாக் கிடக்குது. அவங்க நிறுவனம் சத்தம் எதுவும் போடல. டைரக்டரைச் சாப்பிடக் கூப்பிட்டாங்க. 'கடைசிப் பகுதியில மகளோட மனசுதானே முக்கியம்'னு மட்டும் சொன்னாங்களாம். மறுநாள் நாற்பத்தேழுக்குப் புதுப் பக்கம் வந்தாச்சு, அம்மா இல்லாம."

"புதுப் பக்கம் எல்லாருக்கும் கொடுத்தாங்களா?"

"உன்னைத் தவிர."

எண்பது பேருக்கும் தெரிந்திருந்தது. பல் கூச்சத்தையும் இரட்டைக் குழந்தைகளையும் அவள் விசாரித்த அத்தனை பேரும் இந்த ஒன்பது நாளும் அவளைப் பார்த்துச் சிரித்திருக்கிறார்கள்.

"அந்த நெமோதோகிட்ட கேட்டுட்டுத்தான் பரிமாறினேன், முராசே-சான். தாராளமான்னான்."

"தாராளமான்னா வேண்டாம்னு அர்த்தம். உனக்குத் தெரியாதா?"

மியோரி கண்ணாடி வழியாக வெளியே பார்த்தாள். வாகன நிறுத்தத்தில் பனி உருகிச் சகதியாகக் கிடந்தது.

"என்கிட்ட ஏன் சொல்லல?"

"இன்னும் அஞ்சு காட்சி பாக்கி இருந்துச்சு. தெரிஞ்சா உன் முகத்துல காட்டிக்கொடுத்துடும்."

"நான் நடிகை. மறைச்சிருப்பேன்."

முராசே மிட்டாயை இந்தக் கன்னத்திலிருந்து அந்தக் கன்னத்துக்குத் தள்ளினாள். வண்டியைக் கிளப்பினாள். அவள் ஏதாவது சொல்லியிருக்கலாம் என்று மியோரிக்குப் பிற்பாடு பல நாள் தோன்றியது.

மார்ச் மாதம், கடைசிப் பகுதிக்கு ஒரு வாரம் முன்னால், அந்தச் சின்னக் கேமராவில் பிடித்ததை விளம்பரத்துக்காக வெளியிட்டார்கள். 'சலவைக் கடை அம்மாவுக்குக் கண்ணீர் வழியனுப்பு' என்று தலைப்பு. நான்கு நாளில் முப்பது லட்சம் பேர் பார்த்தார்கள். பழைய ரசிகர்கள் எழுதினார்கள்: நம்ம மியோரி மாறவே இல்லை. மாறவே இல்லை, மாறவே இல்லை என்று பக்கம் பக்கமாக அதே வாக்கியம். அவள் எல்லாவற்றையும் ஒன்று விடாமல் படித்தாள்.

கடைசிப் பகுதி ஒளிபரப்பான இரவு அவள் தொலைக்காட்சியைப் போடவில்லை. மறுநாள் காலை, காப்பி குடித்துவிட்டு, பதிவை ஓடவிட்டாள்.

சலவைக் கடை. ரெனா தனியாக இருக்கிறாள். பெரிய வெள்ளை விரிப்பு. ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு, மறுமுனையைச் சலவை இயந்திரத்தின் கைப்பிடியில் கட்டுகிறாள். மடிக்கத் தொடங்குகிறாள். தாய் இப்படிச் சொல்லியிருப்பாள், இதனால் போயிருப்பாள் என்று தனக்குத் தானே சொல்லிக்கொள்கிறாள். வசனம் அதேதான். 'நான்' என்று இருந்ததை 'அவங்க' என்று மாற்றியிருந்தார்கள், அவ்வளவு. மியோரியின் உதடும் கூடவே அசைந்தது. இரண்டாம் பக்கத்தின் நடுவில் அவள் எப்போதும் தடுமாறுகிற ஒரு வரி உண்டு. ரெனா அந்த வரிக்கு முன்னால் விரிப்பின் சுருக்கம் ஒன்றை நீவினாள். நீவி முடித்துவிட்டுச் சொன்னாள். அப்படிச் செய்யலாம் என்று மியோரிக்குத் தோன்றியதே இல்லை.

ரெனா அழவில்லை. மறுமுனையில் யாரும் இல்லை. ஆனாலும் அவள் அங்கே நிற்கிறவரைப் பார்த்தாள். மியோரிகூட, அங்கே நிற்பது யார் என்று ஒரு கணம் அந்த இடத்தைத் தேடினாள்.

அந்தப் பெண் மோசமாக நடித்திருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். மியோரி பின்னால் ஓடவிட்டு மறுபடி பார்த்தாள். மூன்றாம் முறையும் பார்த்தாள். எங்காவது ஒரு பிசிறு கிடைக்காதா என்று தேடினாள். கிடைக்கவில்லை.

அவள் எழுந்துபோய்க் குளியலறைச் சுவரில் இருந்த பிளாஸ்டிக் உறையைப் பிய்த்தாள். ஈரத்தில் ஒட்டிப்போயிருந்தது. கூடவே ஒரு விரற்கடை அளவுக்குச் சுவர்ச் சாயமும் பெயர்ந்து வந்தது. அதையே பார்த்துக்கொண்டு நின்றபோது தொலைபேசி அடித்தது. முராசே.

"பார்த்தியா?"

"பார்த்தேன்."

"ம்." மிட்டாய் பல்லில் இடிபடுகிற சத்தம் கேட்டது. "பீர் கம்பெனி கூப்பிடறாங்க. கோடை விளம்பரம். முப்பது லட்சம் பேர் பார்த்த அந்தப் படத்தை வெச்சுத்தான். இந்தத் தடவை ஒப்பந்தத்துல பாட்டு கிடையாது, தொப்பி கிடையாதுன்னு எழுத முடியாது. அதுக்குத்தான் கூப்பிடறாங்க. வேண்டாம்னா இன்னிக்கே சொல்லிடலாம். நான் வற்புறுத்தல."

மியோரி கையில் இருந்த நான்கு பக்கத்தை இரண்டாக மடித்தாள். நான்காக மடித்தாள். விரிப்பு மாதிரி, முனையோடு முனை சேர்த்து.

"என்ன, சத்தத்தையே காணோம்?"

"நிஜத் தொப்பி தருவாங்களா," என்று கேட்டாள் மியோரி, "இல்ல வெறுங்கையாலதானா?"